எட்டயபுரம் சனிக்கிழமை ஆட்டுச் சந்தை: வளக்க ஆடு வாங்கப் போறவங்களுக்கு ஒரு ரிவ்யூ

நாலு ஸ்டார். இன்னொரு அரை ஸ்டார் பாக்கி இருக்கு, ஆனா அது இப்போதைக்கு ஒரு ஆட்டு வயித்துக்குள்ள இருக்கு, அது என்ன கதைன்னு கடைசில சொல்லுதேன்.

மொதல்ல நான் யாருன்னு சொல்லிருதேன், இல்லன்னா ஏதோ வீடியோ எடுக்கதுக்காக சந்தைக்குப் போன ஆளுன்னு நெனச்சிருவீங்க. திருநெல்வேலி மானூர் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் மானாவாரி நிலம் இருக்கு, வீட்டுக்குப் பின்னாடி கொட்டகை போட்டு ஆறேழு வெள்ளாடு வளக்கோம், கறிக்கு இல்ல, குட்டி எடுத்து விக்கதுக்கு. ஆடு வாங்கணும்னா எங்க பக்கம் எல்லாருக்கும் மேலப்பாளையம் செவ்வாய்க்கிழமை சந்தைதான் ஞாபகம் வரும், பக்கத்துலயும் இருக்கு, பஸ்ஸும் இருக்கு. கறிக்கோ கோயில் கொடைக்கோ வாங்க அது போதும், எனக்கு அதுல ஒரு கொறையும் இல்ல. ஆனா வளக்கதுக்குன்னு, அதுவும் கன்னி ஆடு, கொடி ஆடுன்னு நம்ம சீமை ஆடா வேணும்னா அது பொறந்த மண்ணுல போய் வாங்குன்னு சித்தப்பா ரெண்டு வருசமா சொல்லிக்கிட்டே இருந்தாரு, நான்தான் கேக்கல.

கேக்காததுக்குப் பலன் போன வருசம் கெடச்சுது. வேற ஒரு சந்தை, பேரு வேண்டாம், அங்க ஒரு யாவாரிகிட்ட நாலு குட்டி வாங்கிட்டு வந்து அன்னைக்கு ராத்திரியே பழைய ஆடுகளோட ஒண்ணா அடைச்சிட்டேன். ஒரு வாரத்துல ஒண்ணுக்கு மூக்கு ஒழுக ஆரம்பிச்சுது, அப்புறம் காய்ச்சல், வாயெல்லாம் புண்ணு, பின்னாடியே கழிச்சல். ஆட்டுக்கொல்லி நோய். புதுசு நாலுல மூணும் போச்சு, எங்க பழைய தாய் ஆடு ஒண்ணும் சேந்து போச்சு, வீட்டுல எங்கம்மா ரெண்டு நாள் எங்கூடப் பேசல. டாக்டர் கேட்ட மொத கேள்வி தடுப்பூசி போட்டிருந்தியா, ரெண்டாவது கேள்வி புதுசைத் தனியாக் கட்டி வச்சிருந்தியா, ரெண்டுக்கும் எங்கிட்ட பதில் இல்ல. இந்த நோயை 2030-க்குள்ள உலகத்துலயே இல்லாம ஆக்கணும்னு திட்டம் போட்டிருக்காங்க, நான் என்னடான்னா காசு குடுத்து வண்டி வச்சுக் கூட்டிட்டு வந்திருக்கேன்.

அதனால இந்த ஆவணில ஒரு சனிக்கிழமை விடியக்காலம் ரெண்டரைக்கே எந்திரிச்சு, தெரிஞ்ச தம்பியோட குட்டியானைல சித்தப்பாவை முன்னாடி ஏத்திக்கிட்டுக் கெளம்பிட்டோம். தாழையூத்து, கங்கைகொண்டான், கயத்தாறு, கோவில்பட்டி, அங்கேர்ந்து கெழக்க திரும்புனா எட்டயபுரம். நெல்லையில இருந்து எழுவது கிலோமீட்டர் சுமாரு. கயத்தாறு தாண்டும்போது வண்டி ஓட்டுன தம்பி, எட்டப்பன் ஊருக்குப் போறோமே அண்ணாச்சி, ஏமாத்தாம ஆடு குடுப்பாங்களான்னு ஒரு ஜோக்கைப் போட்டான். கட்டபொம்மனை 1799 அக்டோபர் 16ல தூக்குல போட்ட எடம் அந்தக் கயத்தாறுதான், அதனால அந்த வழில போற எல்லாருக்கும் இந்த ஜோக்கு வந்துரும்போல. சித்தப்பாவுக்குச் சுருக்குன்னு கோவம் வந்துட்டு. "ஏலே, ராசா செஞ்சதுக்கு ஆட்டுக்காரன் என்னல செய்வான், ரோட்டைப் பாத்து ஓட்டு" அப்படின்னாரு. அதுக்கப்புறம் கோவில்பட்டி வரைக்கும் வண்டில யாரும் வாயத் தொறக்கல.

கோவில்பட்டி தாண்டி ஒரு டீக்கடைல நிறுத்தினோம். சித்தப்பா எறங்குனதும் டீயைக் கூட வாங்காம ரோட்டோரத்து மண்ணைச் செருப்பைக் கழட்டிட்டு மிதிச்சுப் பாத்தாரு. எங்க ஊரு செவல் மண்ணு, மழை பேஞ்சா வடிஞ்சு ஓடிரும். இது கரிசல். கோடைல பாளம் பாளமா வெடிச்சுக் கெடக்கும், மழை பேஞ்சா காலைப் புடிச்சு இழுக்கும், ஆனா ஒருக்கா நல்லா நனைஞ்சுதுன்னா உள்ள ஈரத்தை வச்சுக்கிட்டே ஒரு வெள்ளாமையைக் கரையேத்திரும். நமக்குத் தாமிரபரணி இருக்கு, ரெண்டு பருவ மழைக்கும் தண்ணி வருது, கால்வாய் இருக்கு, குளம் இருக்கு. இவங்களுக்கு ஆறுன்னா விளாத்திகுளம் பக்கம் ஓடுற வைப்பாறு, அது வருசத்துல முக்காவாசி நாளு மணலாத்தான் கெடக்கும். தூத்துக்குடி மாவட்டத்துச் சராசரி மழையே வருசத்துக்கு 650 மில்லிமீட்டர் சுமாருதான், அதுலயும் பெரும்பங்கு ஐப்பசி கார்த்திகைல கொட்டிட்டுப் போயிரும். அதனால புரட்டாசில வெதைச்சு தை மாசில அறுத்தாச்சுன்னா சோலி முடிஞ்சுது, கம்பு, சோளம், உளுந்து, பாசி, பருத்தி, இப்ப மக்காச்சோளம், எதுவா இருந்தாலும் ஒரு போகம்தான். மிச்ச மாசத்துக்கு என்ன செய்வாங்க? ஆடுதான். அறுத்த காட்டுல தட்டையைக் கடிக்கும், உடைமரத்து நெத்தும் வேலிக்கருவை நெத்தும் பொறக்கித் தின்னும், ஒண்ணும் இல்லன்னா முள்ளுக்குள்ள தலையை விட்டு எதையாச்சும் இழுக்கும். சந்தையைப் பத்திச் சொல்ல வந்தவன் மண்ணைப் பத்தி இவ்வளவு ஏன் சொல்லுதேன்னா, அங்க விக்கிற ஆடு ஏன் நெட்டைக்காலா, வயிறு ஒட்டி, பாக்க வத்தலா இருக்குங்கறதுக்குப் பதில் இதுதான். கொழுகொழுன்னு இருக்கணும்னு எதிர்பாத்துப் போனா ஏமாந்துருவீங்க. அந்த ஆடு வெயில்ல பத்து கிலோமீட்டர் நடக்கும், வீட்டுல கட்டிப் போட்டுத் தீவனம் வைக்கறதுக்கு வளந்த ஆடு இல்ல அது.

நாங்க போய்ச் சேந்தப்ப மணி அஞ்சு இருக்கும், அதுக்குள்ள சந்தை பாதி யாவாரத்துல இருந்துச்சு. சத்தம்னா அப்படி ஒரு சத்தம், ஆடு கத்துறது ஒரு பக்கம், மனுசன் கத்துறது ஒரு பக்கம், டார்ச் லைட்டும் செல்போன் லைட்டும் வச்சுப் பல்லைப் பாக்காங்க. விடியுற வரைக்கும் எதுலயும் கை வைக்காதேன்னு சித்தப்பா சொல்லிட்டாரு. இருட்டுல நெறம் தெரியாது, கண்ணு தெரியாது, கழிச்சல் தெரியாது, அவசரப்படுதவன் யாவாரிக்குத்தான் லாபம் அப்படின்னாரு. ஆனா அது வளக்க வாங்குறவங்களுக்குத்தான், கறிக்கு வாங்குறவங்கள்லாம் விடியறதுக்குள்ள ஏத்திட்டுப் போயிருதாங்க.

வெளிச்சம் வந்ததுக்கு அப்புறம்தான் எனக்குக் கண்ணு நெறஞ்சுது. கன்னி ஆடு மொத்தமா ஒரு எடத்துல நிக்கதை அதுக்கு முன்னாடி நான் பாத்ததே இல்ல. உடம்பெல்லாம் கறுப்பு, நெத்தில இருந்து மூக்கு வரைக்கும் ரெண்டு பக்கமும் கோடு இழுத்த மாதிரி, காது ஓரம், அடிவயிறு, காலுக்கு உள்பக்கம்னு அதே கலரு. அந்தக் கோடு வெள்ளையா இருந்தா பால்கன்னி, சிவப்பா இருந்தா செங்கன்னி. நாப்பது ஆடு நின்னாலும் ஒரே அச்சுல அடிச்ச மாதிரி நிக்கும். ரெட்டைக் குட்டி போடும்னு பேரு எடுத்த ஆடு இது, அதுக்காகத்தான் நான் போனதே. கொடி ஆடு இன்னும் ஒசரம், வெள்ளைல கறுப்புத் தெறிச்ச மாதிரி இருந்தா கரும்போரை, சிவப்புத் தெறிச்சிருந்தா செம்போரை. செம்மறிக் கூட்டத்துக்கு முன்னாடி நடக்க விடுறது இந்தக் கொடி ஆட்டைத்தான், செம்மறிக்குத் தானா வழி தெரியாது, முன்னாடி போறதைப் பாத்துப் போகும். அந்தப் பக்கம் செம்மறி வரிசை தனியா. எட்டயபுரத்துக்கு வடக்க இதே மதுரை தூத்துக்குடி ரோட்டுல இருக்க வேம்பூர் பேருல ஒரு ஆடு, வெள்ளை உடம்புல செம்பொட்டு அள்ளித் தெளிச்ச மாதிரி இருக்கும். கீழக்கரிசல்னு இன்னொண்ணு, மேல செங்காவி, அடிவயிறு கறுப்பு. எனக்கு செம்மறி வேண்டாம், ஆனா சும்மா நின்னு பாத்தேன், அரைமணி நேரம் போயிட்டு.

சித்தப்பா சின்ன வயசுல கிடை ஆட்டோட நடந்தவரு. அறுப்பு முடிஞ்சதும் கரிசக்காட்டுல இருந்து ஆட்டைப் பத்திக்கிட்டுத் தாமிரபரணி வயக்காட்டுப் பக்கம் வந்து, ராத்திரிக்கு ஒரு வயல்னு கிடை போடுவாங்க, புழுக்கையும் மூத்திரமும் வயலுக்கு எரு, ஆட்டுக்காரங்களுக்கு நெல்லோ காசோ கெடைக்கும். ஆட்டெரு அவ்வருசம், மாட்டெரு மறுவருசம்னு சும்மாவா சொன்னாங்க. யூரியா மூடை வந்ததுக்கு அப்புறம் அது கொறஞ்சு போச்சு, இப்ப இயற்கை வெவசாயம்னு தேடுறவங்க மறுபடி கிடைக்கு ஆள் தேடுதாங்க, ஆனா நடக்கதுக்கு ஆளு இல்ல. அந்தப் பழக்கத்துல சந்தைல அவருக்கு ஒரு கணக்கு இருக்கு, எந்தப் புத்தகத்துலயும் நான் படிக்கல. விக்கிற ஆளை, கயித்தை விட்டுட்டு பத்தடி தள்ளிப் போய் நில்லுங்கன்னு சொல்லுவாரு. ஆடு பின்னாலயே போச்சுன்னா அது வளத்த கை. ஆடு முழிச்சுக்கிட்டு நின்ன எடத்துலயே நின்னா அவரு நேத்து வேற எங்கயோ வாங்கி இன்னைக்கு இங்க விக்க வந்த யாவாரி. யாவாரிகிட்ட வாங்குறது தப்பில்ல, ஆனா அந்த ஆடு போன வாரம் எந்தச் சந்தைல எந்த நோயாளிகூட நின்னுச்சுன்னு அவருக்கே தெரியாது.

மத்தபடி பாக்க வேண்டியதை வேகமா சொல்லிருதேன். பால்பல்லு விழுந்து பெரிய பல்லு ரெண்டு போட்டிருந்தா ஒரு வயசு தாண்டிட்டு, நாலுன்னா ரெண்டு வயசு ஒட்டி, எட்டும் மொளச்சிருந்தா நாலு வயசு சுமாரு. கீழ் இமையை இழுத்துப் பாத்தா உள்ள ரோஸ் கலரா இருக்கணும், வெளுத்திருந்தா வயித்துல குடற்புழு. வாலுக்கடில காஞ்சு இருக்கணும். வயிறு மட்டும் உப்பி முதுகெலும்பு கத்தி மாதிரி நிக்கிற ஆட்டைத் தொடாதீங்க, உப்பு வச்சுத் தண்ணி காட்டிக் கூட்டிட்டு வந்திருப்பாங்க, அந்த வித்தை தமிழ்நாட்டுல இல்லாத சந்தையே இல்ல. முதுகுத்தண்டுல ரெண்டு பக்கமும் கட்டைவிரலை வச்சு அமுக்குனா சதை இருக்கா தோலு இருக்கான்னு தெரிஞ்சிரும். இங்க எடை மிஷின்ல வச்சு யாரும் விக்கல, தூக்கிப் பாத்து மதிப்புப் போடுறதுதான், பழகாத ஆளுன்னா கிலோ ரெண்டு கிலோ அங்க இங்க ஆகத்தான் செய்யும்.

வெலை பேசுற விதம் பழைய விதம்தான். தரகரு துண்டைப் போட்டு மூடிக்கிட்டு உள்ள விரலைப் புடிக்காரு, வாங்குறவரு இல்லங்கற மாதிரி தலையை ஆட்டுதாரு, மறுபடி விரலு. பக்கத்துல நிக்கிறவனுக்கு என்ன வெலைன்னே தெரியாது. எனக்கு இது புடிக்கல, ஒளிவுமறைவு எதுக்குன்னு சித்தப்பாட்ட கேட்டேன். "எய்யா, எனக்கு அவசரம், கம்மிக்குக் குடுத்தேன்னு ஊருக்கே தெரிஞ்சா நாளைக்கு என் மிச்ச ஆட்டையும் கம்மிக்குத்தான் கேப்பான்" அப்படின்னாரு. அதுக்கு மேல நான் ஒண்ணும் பேசல.

நாங்க வாங்குனது விளாத்திகுளம் பக்கத்துல இருந்து வந்த ஒரு பாட்டிகிட்ட. ரெண்டு பால்கன்னி பெட்டை, ஜோடி 15,500. 18,000ல ஆரம்பிச்சுது, தரகரே இல்லாம நேரா வாயால பேசுனோம். ஏன் பாட்டி விக்கீங்கன்னு கேட்டதுக்கு, "உழவு போடணும்லா ராசா, டிராக்டர்காரன் ரூவா கேப்பான், வெதை வாங்கணும், அடுத்த மாசம் வெதைப்பு" அப்படின்னாங்க. ஆவணில ஏன் வெலை கொஞ்சம் எறங்கி இருக்குன்னு அப்பதான் புரிஞ்சுது. புரட்டாசி வெதைப்புக்கு முன்னாடி இவங்களுக்கு பேங்கு இந்த ஆடுதான், ரெண்டை வித்து உழவு, தைல வெள்ளாமை வந்தா மறுபடி ரெண்டு வாங்கி விட்டுக்கிடுவாங்க. பக்ரீத், தீபாவளி, ஆடிக் கொடை சமயத்துல போனீங்கன்னா இதே ஆட்டுக்குக் கண்ணை மூடிக்கிட்டு ரெண்டாயிரம் மூவாயிரம் கூட சொல்லுவாங்க, அந்த வாரம் கோடிக்கணக்குல யாவாரம்னு பேப்பர்லயே வரும். வளக்க வாங்குறவங்க அந்தப் பக்கமே தலைவச்சுப் படுக்கக் கூடாது.

கொடி ஆட்டுல எட்டு மாசக் கரும்போரைப் பெட்டை ஒண்ணு 8,000. இது எனக்குத் தேவையே இல்ல, ஆசை. மூணாவது ஒரு செங்கன்னி, நாலு பல்லு, ரெண்டு மாசச் சினைன்னு விக்கிற அண்ணாச்சி சத்தியம் பண்ணுனாரு. சினை இல்லன்னா 9,000, சினைங்கறதால 10,500. சித்தப்பா வயித்தைத் தடவிப் பாத்துட்டு, ரெண்டு மாசத்துல கைக்குத் தெரியாதுல, உன் இஷ்டம்னு கையை ஒதறிட்டாரு. வாங்கிட்டேன். ஆக மொத்தம் ஆட்டுக்கு 34,000, வண்டிக்கு 3,500, சந்தைச் சீட்டு, டீ, இட்லி எல்லாம் தனி. சீட்டைத் தொலைக்காதீங்க, வழில யாரும் நிறுத்திக் கேட்டா கைல இருக்க ஒரே அத்தாட்சி அதுதான். வேற பில்லு, கேரண்டி, ரிட்டர்ன் பாலிசி எல்லாம் சந்தைல எதிர்பாக்கப்படாது.

எட்டு மணிக்கே எங்க வேலை முடிஞ்சிட்டு. ஆட்டை நெழல்ல வண்டியோட தம்பிகிட்ட விட்டுட்டு ஊருக்குள்ள ஒரு நடை போனோம். சின்ன ஊருதான், பேரூராட்சி. ஒரு காலத்துல பாளையம், அப்புறம் பெரிய ஜமீன், 1948ல வந்த ஜமீன் ஒழிப்புச் சட்டத்தோட அது முடிஞ்சுது. 1986 வரைக்கும் இது திருநெல்வேலி மாவட்டம்தான், அதனாலதான் சித்தப்பா இன்னமும் "நம்ம ஜில்லா"ன்னே சொல்லுதாரு. பாரதியார் 1882 டிசம்பர் 11ல பொறந்த வீடு இருக்கு, ராஜாஜி 1947ல தொறந்து வச்ச மணிமண்டபம் இருக்கு, முத்துசுவாமி தீட்சிதர் 1835ல மறைஞ்சதும் இந்த ஊருலதான், சமாதி இருக்கு, உமறுப்புலவர் அடக்கமான எடமும் இருக்கு. இவ்வளவு சின்ன ஊருக்கு இவ்வளவு பேரு கொஞ்சம் ஜாஸ்திதான். எல்லாத்தையும் நிதானமா பாக்க வண்டில ஆடு இருக்கவனால முடியாது, பாரதி வீட்டை மட்டும் பாத்தோம்.

அங்க நிக்கும்போது எனக்கு அவரோட அப்பா ஞாபகந்தான் வந்துச்சு. சின்னசாமி ஐயர் இந்த ஊருல பருத்தி அரைக்கிற ஆலை வைக்கப் பாத்து நொடிச்சுப் போனவரு, அந்தக் கவலைலயே 1898ல செத்தும் போனாரு. சுத்தி அத்தனையும் பருத்தி வெளையுற கரிசல், அப்படியும் ஓடல. 1876லயே மதுரை தூத்துக்குடி ரயிலு கோவில்பட்டி வழியாப் போயிட்டு. அதுக்கப்புறம் மில்லு, கமிஷன் மண்டி, 1901ல வந்த பருத்தி ஆராய்ச்சிப் பண்ணை எல்லாமே கோவில்பட்டிலதான். இங்க தீப்பெட்டி ஆபீசும் மானாவாரியும் மிச்சம். இது நானா போட்ட கணக்கு, சரித்திரக்காரங்க சண்டைக்கு வராதீங்க: பருத்திக்கு ரயிலு வேணும், ஆட்டுக்கு நாலு காலு போதும், அதனாலதான் பஞ்சு போன பொறவும் சந்தை எட்டயபுரத்தை விட்டுப் போகலன்னு எனக்குத் தோணுச்சு. சித்தப்பாட்ட சொன்னேன், "பசிக்கி, இட்லிக் கடை எங்கல இருக்கு"ன்னாரு.

திரும்பி வரும்போது பகல் வெளிச்சத்துல கயத்தாறு பக்கம் காத்தாடி வரிசையா சுத்துது, அதுக்கடில ஆடு மேயுது. கோவில்பட்டில கடலைமிட்டாய் ரெண்டு கிலோ வாங்குனோம், 2020ல அதுக்குப் புவிசார் குறியீடு குடுத்தாங்க, குடுக்கலன்னாலும் வாங்கத்தான் செஞ்சிருப்போம். வண்டில ஆடு ஏத்துறவங்க தரைல வைக்கோலோ மணலோ போடுங்க, தகரத்துல வழுக்கி காலை ஒடிச்சுக்கிடும். கழுத்துல சுருக்கு முடிச்சுப் போடாதீங்க. கூட்டமா அடைச்சு ஏத்துறது வேண்டவே வேண்டாம், எனக்கு நாலே நாலுதான், அதுவே கங்கைகொண்டான் வரதுக்குள்ள ஒண்ணு இன்னொண்ணு மேல ஏறிட்டு.

இந்தத் தடவை நாலையும் பழைய கொட்டகைக்கு எதுத்த பக்கம், தனித் தண்ணித் தொட்டி வச்சு, மூணு வாரம் தனியாக் கட்டியிருந்தேன். குடற்புழுவுக்கு மருந்து குடுத்து, கால்நடை ஆஸ்பத்திரில கேட்டு ஆட்டுக்கொல்லி ஊசியும், மழைக்கு முன்னாடி துள்ளுமாரிக்கும் போட்டாச்சு. மொத மழைல தழைஞ்ச பச்சைப்புல்லை வயிறு முட்டத் தின்னுட்டுத் துள்ளி விழுந்து சாகும், அதான் துள்ளுமாரி, அதையும் எங்க தெருவுல பாத்தாச்சு. மூணு வாரத்துல ஒண்ணும் தும்மக்கூட இல்ல. பால்கன்னி ரெண்டும் சொன்ன பேச்சு கேக்குது. கொடி ஆடு எங்க கக்கூஸ் கூரை மேல ஏறி நின்னுக்கிட்டு எல்லாரையும் மேலேர்ந்து பாக்குது, அம்மா வச்ச முருங்கைக் கன்னு போயிட்டு, அதைப் பத்தி வீட்டுல பேச்சு ஓடிக்கிட்டு இருக்கு.

செங்கன்னிதான் பாக்கி. ஆட்டுக்கு அஞ்சு மாசம், அந்த அண்ணாச்சி சொன்ன கணக்குப்படி கார்த்திகைல குட்டி போடணும். வயிறு கொஞ்சம் எறங்குன மாதிரித்தான் எனக்குத் தெரியுது, தீவனம் தின்ன வயிறுங்காரு சித்தப்பா, இருவது ரூவா பந்தயம் வேற கட்டியிருக்காரு. போட்டா இங்கயே வந்து நாலரையா மாத்திருதேன், ரெட்டையாப் போட்டா அஞ்சு.